டெடான் கிமாதி: நீதிமன்றமும் நாடக மேடையும்

கென்யா நாட்டு விடுதலைப் போரின் பெருந்தலைவராய் விளங்கிய டெடான் கிமாதி, 1920ஆம் ஆண்டு அக்டோபர் 31ஆம் நாள் நியேரி மாவட்டத்துச் சிற்றூர் ஒன்றில் கிக்குயு இனத்தில் தோன்றினார். தந்தையை இழந்த அவரைத் தாயே வளர்த்தார். வளமான மேட்டு நிலங்களை வெள்ளையர் தமக்கென வளைத்துக்கொண்ட காலம் அது. மண்ணுக்குரியோர் அப்பண்ணைகளில் கூலிகளாயினர். கைரேகை பதித்த அடையாளச் சீட்டைக் கழுத்தில் தொங்கவிட்டுத் திரியுமாறு கட்டாயப்படுத்தப்பட்டனர்.

கல்வியில் கிமாதிக்கு இருந்த வேட்கை பெரிது. மரவிதைகளைத் திரட்டி வனத்துறைக்கு அளித்துக் கிடைத்த காசில் பள்ளிக் கட்டணம் செலுத்தினார். எனினும் வறுமை வென்றது. துமுதுமு மிஷன் பள்ளியில் அவரது படிப்பு இடையிலேயே நின்றது. பின்னர்ச் சிலகாலம் ஆசிரியராகப் பணியாற்றினார். கென்ய ஆப்பிரிக்க ஒன்றியத்தின் கிளைச் செயலாளருமானார்.

1952 அக்டோபர் 20இல் ஆங்கில அரசு நெருக்கடி நிலையை அறிவித்தது. கிமாதி நியாண்டருவா மலைக்காட்டினுள் புகுந்து, மௌ மௌ எனப்பட்ட நிலமீட்புப் படையின் தலைவர்களுள் ஒருவரானார். படைக்கலத்தோடு எழுதுகோலையும் அவர் கைவிடவில்லை. கடிதங்களையும் கூட்ட நடவடிக்கைகளையும் எழுத்தில் பதிந்து காத்தார். அப்போரில் தலைவர்களுக்குள் பிணக்கும் இருந்தது. கிக்குயு மக்களே இரு கூறாகப் பிரிந்து மாண்டதும் உண்டு. 1956 அக்டோபர் 21இல் காலில் குண்டு பாய்ந்து அவர் பிடிபட்டார். துப்பாக்கி வைத்திருந்த குற்றத்திற்காக நியேரி நீதிமன்றம் மரண தண்டனை விதித்தது. 1957 பிப்ரவரி 18இல் கமிட்டிச் சிறையில் தூக்கிலிடப்பட்டார். உடல் அடையாளமற்ற குழியில் புதைக்கப்பட்டது.

1963இல் கென்யா விடுதலை பெற்றது. ஆயினும் மௌ மௌ மீது ஆங்கிலேயர் விதித்த தடை நீங்கவில்லை. நீதிமன்ற ஏட்டில் கிமாதி குற்றவாளியாகவே இருந்தார். இந்நிலையில் கூகி வா தியாங்கோவும் மிசேரே கிதே மூகோ அம்மையாரும் இணைந்து கிமாதியின் வழக்கு விசாரணையை நாடகமாக்கினர். அது 1976இல் நைரோபி தேசிய நாடக அரங்கில் நடிக்கப்பெற்றது. நீதிமன்ற ஏட்டை அவர்கள் அப்படியே மேடையேற்றவில்லை. சிறைக்கூடத்தில் அதிகாரியும் வங்கியாளரும் வணிகரும் அரசியல்வாதியும் சமயகுருவும் கிமாதியை ஆசைகாட்டி மயக்க முயல்கின்றனர். அவர் இணங்க மறுக்கிறார். ரொட்டிக்குள் துப்பாக்கியை மறைத்து அவருக்கு அனுப்ப முயலும் பெண்ணொருத்தியும், அவளால் விழிப்புறும் சிறுவனும் சிறுமியும் நாடகத்தின் உயிர்நாடியாவர். பெயர் தெரியாத எளிய மக்களே போரைத் தாங்கினர் என்பதை அம்மூவரும் உணர்த்துகின்றனர். இறுதிப் பாடலின்போது பார்வையாளரும் நடிகரோடு சேர்ந்து ஆடிப்பாடினர்.

காலம் மெல்லத் தீர்ப்பைத் திருத்தியது. 2003இல் தடை நீங்கிற்று. 2007 பிப்ரவரி 18இல், தூக்கிலிடப்பட்ட ஐம்பதாம் ஆண்டு நினைவு நாளில், நைரோபியில் கிமாதிக்குச் சிலை எழுந்தது. கட்டணம் செலுத்த வழியின்றிப் பள்ளியை விட்ட அவர் பெயரை இன்று நியேரியில் ஒரு பல்கலைக்கழகம் தாங்கி நிற்கிறது.

ஆள்வோர் எழுதும் ஏடே ஒரு மக்களின் வரலாறாகிவிடாது. அதைத் திருத்தி எழுதும் ஆற்றல் கல்வியால் வருவது. நம் மாணவச் செல்வங்கள் கிமாதியின் வாழ்விலிருந்து கொள்ளத்தக்க பாடம் இதுவே.