ஆற்றிடம் பாடங்கேட்ட எஞ்சினீயர்: ஸர் ஆர்தர் காட்டன் சரிதம்

மக்கள் ஓர் ஆற்றைக் கடக்கும் வழி மூவகைப்படும். ஓடத்திலேனும் பரிசலிலேனும் ஏறிக் கடப்பது ஒன்று. தூணும் வளைவும் நிறுத்திப் பாலத்தின்மேற் கடப்பது மற்றொன்று. ஆற்றுக்குக் குறுக்கே அணையெழுப்பி, நீரை வேண்டிய திசையிற் செலுத்தி, அவ்வணையின்மேலேயே நடந்து கடப்பது மூன்றாவது. முன்னிரண்டும் மனிதன் அக்கரை சேர்வதற்கு மட்டும் உதவுவன. மூன்றாவதோ அவன் உண்ணும் சோற்றுக்கும் வழிசெய்வது. காவிரியிலும் கோதாவரியிலும் இம்மூன்றாவது வழியை வகுத்துத் தந்த ஸர் ஆர்தர் காட்டன் என்பாரது வாழ்க்கையை ஈண்டுச் சுருக்கமாக எழுதப் புகுகின்றோம். அவர் அயல்நாட்டார், நம்மை ஆண்ட கும்பெனியின் ஊழியர். ஆயினும் நம் ஆறுகளை அவர் அறிந்துகொண்ட முறை, கற்கும் பருவத்தினராகிய நமக்கு ஒரு நல்ல பாடமாகும் என்பது நம் துணிபு.

ஆர்தர் காட்டன் 1803-ஆம் ஆண்டு மே மாதம் 15-ஆம் நாள் இங்கிலாந்தில் பிறந்தார். ஹென்றி கால்வெலி காட்டன் என்பாரின் பத்தாவது மைந்தர் இவர். பெரிய குடும்பத்துப் பிள்ளைகள் இளமையிலேயே தம் பிழைப்பைத் தாமே தேடிக்கொள்ளவேண்டியிருந்த காலம் அது. பதினைந்து வயதளவில் ஆடிஸ்கோம் என்னுமிடத்திலிருந்த கும்பெனியின் இராணுவப் பள்ளியிற் சேர்ந்து எஞ்சினீயர் தொழிலைக் கற்றார். 1821-ஆம் ஆண்டு, பதினெட்டு வயதினராய்ச் சென்னை மாகாணத்திற்கு வந்தார். பாம்பன் கால்வாயை அளந்தறியும் வேலை அவர்க்குத் தொடக்கத்திலே வாய்த்தது. இந்தியக் கரைக்கும் இராமேசுவரத் தீவுக்கும் இடையே கப்பல்கள் செல்லத்தகும் ஆழம் உண்டோ என்பதை ஆராயும் பணி அது. பின்னர் 1824 முதல் 1826 வரை நடந்த முதற் பர்மியப் போரிற் பணிபுரிந்து மீண்டார். 1828-ஆம் ஆண்டில் காவிரிப் பாசனத்தை ஆராயும் பொறுப்பு அவரிடம் ஒப்படைக்கப்பட்டது. அப்போது அவர்க்கு வயது இருபத்தைந்து.

அக்காலத்தில் காவிரிக்கு நேர்ந்திருந்த கேடு இன்னதென்பதை முதலில் உணர்தல் வேண்டும். திருச்சிராப்பள்ளிக்கு மேற்கே முக்கொம்பு என்னுமிடத்தில் காவிரி இரண்டாகப் பிரிகின்றது. வடபாற் செல்வது கொள்ளிடம். தென்பாற் செல்வது காவிரி. இடையே திருவரங்கத் தீவு அமைந்துள்ளது. கொள்ளிடம் தாழ்ந்த படுகையுடையது. கடலுக்கு நேரிய வழியிற் செல்வது. காவிரியோ உயர்ந்த படுகையில் மெல்ல நடந்து, பல கிளைகளாய்ப் பிரிந்து, தஞ்சை நாட்டு வயல்களை ஊட்டுவது. ஆண்டுதோறும் வெள்ளம் கொணரும் வண்டல் காவிரியின் வாயிற் படியப்படியக் காவிரி மேடிட்டது; கொள்ளிடமோ மேலும் ஆழ்ந்தது. ஆகவே வயலுக்கு வரவேண்டிய நீர் கொள்ளிடத்தில் இறங்கி வீணே கடலைச் சேர்ந்தது. நெற்களஞ்சியம் என்று பெயர்பெற்ற தஞ்சை நாட்டிலே நாற்றங்கால்கள் காயத் தொடங்கின. குடிகள் ஆண்டுதோறும் மண்வெட்டி கொண்டு தூரெடுத்தனர். ஆறு மீண்டும் தூர்த்தது.

இக்கேடு ஆற்றின் படத்தைப் பார்த்த அளவில் விளங்குவதன்று. படம் நதியின் போக்கைக் காட்டும். அதன் ஏற்றத்தாழ்வைக் காட்டாது. காட்டன் மட்டக்கருவியோடு கரைகளிலே நடந்து, படுகைகளின் உயர வேற்றுமைகளை அளந்தறிந்தார். கொள்ளிடத்தின் தலைப்பிலே ஓர் அணை கட்டினாலன்றிக் காவிரி பிழையாது என்ற முடிபுக்கு வந்தார். ஆனால் அணையை எதன்மேற் கட்டுவது? கொள்ளிடத்தின் படுகை ஆழங்காணாத மணல். பாறை கிட்டும்வரை தோண்டி அடித்தளமிடுதல் ஆகாத காரியம் என்று கருதப்பட்ட நாள்கள் அவை.

இவ்வையத்தை நீக்கிய ஆசான் கல்லணையே. திருவரங்கத் தீவின் கீழ்முனையில், கரிகாற்சோழன் கட்டியதென்று வழங்கும் அவ்வணையைக் காட்டன் நுணுகி ஆராய்ந்தார். பழந்தமிழர் பாறையைத் தேடவில்லை. பெருங்கற்களை மணலின்மேல் இட்டனர். நீர் மணலை அரிக்க அவை தாழ்ந்தன. மேலும் கற்களை அடுக்கினர். தாழ்வது நிற்கும் நிலை வந்தபின் அதன்மேற் கட்டினர். ஆற்றோடு போரிடாமல், ஆறே அடித்தளத்தை அமைத்துக்கொள்ளுமாறு செய்த உபாயம் இது. பெயரும் ஊரும் அறியப்படாத அத்தொழிலாளரிடமிருந்தே ஆழங்காணா மணலில் அடித்தளமிடும் வகையைத் தாம் கற்றதாகக் காட்டன் பிற்காலத்தில் வெளிப்படையாக எழுதினார். ஆளும் இனத்தவர் ஒருவர், ஆளப்படும் நாட்டின் பழைய கொத்தர்களைத் தம் ஆசிரியராக ஏற்றுக்கொண்டது அக்காலத்தில் எளிய செயலன்று.

1836-ஆம் ஆண்டில் முக்கொம்பில் மேலணையும், கொள்ளிடத்தின் கீழ்ப்பகுதியில் அணைக்கரையிலே கீழணையும் எழுந்தன. மேலணை மிகத் தாழ்ந்ததொரு சுவரேயாயினும், கொள்ளிடத்துக்குச் செல்லும் நீரைத் தடுத்துக் காவிரிக்குத் திருப்பியது. கீழணையோ கொள்ளிடத்தில் எஞ்சி வரும் நீரைத் தேக்கி இருமருங்கும் உள்ள வாய்க்கால்களிற் செலுத்தியது. வீராணம் ஏரி நிரம்புவது இக்கீழணை நீரினால்தான். 2004-ஆம் ஆண்டு முதல் அவ்வேரி நீரே குழாய்வழியே சென்னை மக்களின் தாகத்தையும் தணித்து வருகின்றது. கீழணையின்மேல் அமைந்த பாலம் கும்பகோணத்திற்கும் வடபகுதிக்கும் இடையே நெடுங்காலம் வழியாய் நின்றது. முன்னர் வெள்ளக் காலத்தில் ஓடக்காரரை நம்பிக் காத்துக்கிடந்த ஊர்கள், பின்னர் வண்டிகட்டிக்கொண்டு அக்கரை சென்றன.

இவ்வணைக்கு நாம் கொடுத்த விலையையும் மறைத்தல் தகாது. அணைக்கரைக்கு அண்மையிலுள்ள கங்கைகொண்ட சோழபுரத்துத் திருக்கோயிலின் மதிற்கற்கள் பெயர்க்கப்பட்டுக் கீழணை வேலைக்குச் சென்றன எனப் பழைய குறிப்புகள் கூறுகின்றன. கங்கைவரை வென்று வந்த இராசேந்திரன் எழுப்பிய மதில், கொள்ளிடத்து நீரைத் தடுக்கும் சுவராயிற்று. பயிருக்கு நீர் கிடைத்ததெனினும், போன மதில் போனதே.

மேலணை வேலையும் முதலடியிலேயே குறைவின்றி முடிந்துவிடவில்லை. கொள்ளிடத்தைத் தடுத்தபின் காவிரிக்கு அளவுக்கு மிஞ்சிய நீர் வரத் தொடங்கியது; அதன் தலைப்பு ஆழ்ந்தது; கரைகள் உடையுமோ என்ற அச்சம் பிறந்தது. சில ஆண்டுகளுக்குள் அணையின் நடுப்பகுதியைத் தாழ்த்தியும், 1845-ஆம் ஆண்டையொட்டிக் காவிரியின் தலைப்பிலும் படுகைத்தடுப்பு அமைத்தும் சமன்செய்ய நேர்ந்தது. ஓர் ஆற்றில் ஒரு கல்லை வைத்தால் அதன் விளைவு நெடுந்தொலைவு செல்லும் என்பதை இதனால் அறிகின்றோம்.

காவிரியிற் கற்றதைக் காட்டன் கோதாவரியிற் பயன்படுத்தினார். 1833-ஆம் ஆண்டையொட்டிய பெரும்பஞ்சத்தில் வடசர்க்கார் நாடு மனிதரை இழந்து நலிந்திருந்தது. பெருநதி ஒன்று நாட்டின் நடுவே ஓடவும், அதன் கரையிலேயே மக்கள் பட்டினியால் மடிந்தனர். காட்டன் அந்நதியை ஆராய்ந்து, இராஜமகேந்திரத்துக்குக் கீழேயுள்ள தவளேசுவரத்தில் அணை கட்டலாம் என்று எழுதினார். 1847-ஆம் ஆண்டு வேலை தொடங்கி 1852-ஆம் ஆண்டு முடிந்தது. ஆற்றிடைத் தீவுகளை இடையிணைப்பாகக் கொண்டு நான்கு பகுதிகளாக அவ்வணை அமைந்தது. கட்டிய பகுதிகளை மட்டும் கூட்டினால் ஏறக்குறைய இரண்டேகால் மைல் நீளம். ஆயிரக்கணக்கான கூலியாட்கள் கல்சுமந்தனர். வீணம் வீரண்ணா என்னும் ஆந்திரர் தொழிலாளரைத் திரட்டி நடத்துவதில் அவர்க்கு உறுதுணையாய் நின்றார். இடையே காட்டன் நோயுற்று விலகியிருக்கவும் நேர்ந்தது. நாளடைவில் சுமார் பத்து லட்சம் ஏக்கர் நிலம் அவ்வணையாற் பாசனம் பெற்றது. பஞ்சநாடு நெல்நாடாயிற்று.

இவ்வெற்றிகளின்பின் அவர் கண்ட கனவு மிகப் பெரிது. இந்தியாவின் படத்தை விரித்துவைத்து, நதியோடு நதியைக் கால்வாயால் இணைக்கவேண்டும் என்றார். கால்வாய் வயலுக்கு நீரும் தரும். படகில் பண்டமும் சுமக்கும். இருப்புப்பாதையினும் செலவு குறைவு என்பது அவர் வாதம். இரயில்வேயில் முதலிட்டோர்க்கு இது கசந்தது. 1876 முதல் 1878 வரை தென்னாட்டை வாட்டிய பஞ்சத்தின்போது, இரும்புப்பாதை தானியத்தைச் சுமக்குமேயன்றி விளைவிக்காது என்ற உண்மை பலர்க்கும் விளங்கிற்று. முதுமை எய்தியிருந்த காட்டன் 1878-ஆம் ஆண்டு பார்லிமெண்டுக் கமிட்டியின்முன் தம் கொள்கையை எடுத்துரைத்தார். ஆயினும் அவர் கருத்து அப்போது வெற்றிபெறவில்லை.

அவர் கணக்கும் எங்கும் பலித்ததன்று. அவர்தம் ஊக்கத்தால் எழுந்த ஒரிஸ்ஸாக் கால்வாய்த் திட்டமும், கர்நூல்–கடப்பைக் கால்வாய்த் திட்டமும் தனிக் கம்பெனிகளின் கையில் நட்டமடைந்தன. இறுதியில் அரசாங்கமே அவற்றை ஏற்க நேர்ந்தது. இதன் காரணம் பலவாயினும், நமக்குத் தோன்றுவது ஒன்றுண்டு. காவிரியிலும் கோதாவரியிலும் அவர் ஆண்டுக்கணக்கில் கரையிலே வாழ்ந்து ஆற்றைக் கற்றார், அங்கே வென்றார். சிறிது காலமே சென்று பார்த்த இடங்களில், பெரும்பாலும் படத்தையும் நம்பிக்கையையும் கொண்டே மதிப்பிட்டார், அங்கே தவறினார். ஆற்றின் படம் ஆற்றுக்கு ஈடாகாது என்பதை அவர் வெற்றியும் தோல்வியும் ஒருங்கே காட்டுகின்றன.

1860-ஆம் ஆண்டில் ஓய்வுபெற்ற காட்டனுக்கு 1861-ஆம் ஆண்டு ஸர் பட்டம் கிடைத்தது. அவர் ஆழ்ந்த கிறிஸ்தவ பக்தியுடையவர்; தம் தொழிலையும் தம் பக்தியையும் வேறுவேறாகக் கருதாதவர். முதுமையில் டார்க்கிங் என்னும் ஊரில் வாழ்ந்து, தோட்டத்து மண்ணை ஆழவெட்டிக் கோதுமை விளைவைப் பெருக்கும் சோதனைகளைச் செய்துகொண்டிருந்தார். 1899-ஆம் ஆண்டு ஜூலை மாதம் 24-ஆம் நாள், தொண்ணூற்றாறு வயது நிரம்பியவராய் உயிர்நீத்தார். அடுத்த ஆண்டில் அவர் மகளார் எழுதிய தந்தையின் சரிதம் வெளிவந்தது; அதே ஆண்டில் இராஜமகேந்திரத்தில் கோதாவரியின்மேல் இருப்புப்பாதைப் பாலமும் திறக்கப்பட்டது. கோதாவரி நாட்டு உழவர்கள் இன்றும் அவர் உருவச்சிலைகளுக்கு மாலைசூட்டுகின்றனர். பழைய அணைக்கு மாற்றாகப் பின்னர் எழுந்த புதிய அணையும் அவர் பெயரையே தாங்கி நிற்கின்றது.

முக்கொம்பு மேலணையின் பிற்கதையையும் சொல்லவேண்டும். பிற்காலத்தில் கதவுகள் பொருத்தப்பெற்ற அவ்வணை, 2018-ஆம் ஆண்டு ஆகஸ்டு 22-ஆம் நாள் கொள்ளிடத்து வெள்ளத்தில் உடைந்தது. 45 கதவுகளுள் 9 அடித்துச்செல்லப்பட்டன. அதே மாதத்தில், திருச்சிராப்பள்ளியையும் திருவரங்கத்துக்கு வடக்கேயுள்ள ஊர்களையும் இணைத்து நின்ற 1928-ஆம் ஆண்டுக் கொள்ளிடப் பழம்பாலத்தின் தூண்களும் சரிந்தன. மணல் பெயர்ந்து படுகை தாழ்ந்ததே காரணம் என்று பலரும் எடுத்துரைத்தனர். மணலின்மேல் நிற்கும் உபாயத்தை முன்னோர் கண்டனர். காட்டன் அதைக் கற்றார். அம்மணலையே இழக்குமாறு பின்வந்தோர் விட்டனர். பின்பு புதிய கதவணை ஒன்று அருகே கட்டப்பட்டது.

இச்செய்தி தொலைவிலுள்ள காவிரிக்கு மட்டும் உரியதன்று. காஞ்சிமா நகரை அடுத்து, வேகவதியாற்றங்கரையில் அமைந்த திருப்பருத்திக்குன்றம், சினகாஞ்சி எனப் பெயர்பெற்ற பழம்பதி; திரைலோக்கியநாதர் கோயிலால் புகழ்பெற்றது. அங்குள்ளோர்க்குத் தெற்கே பாலாற்றுக்கு அப்பால் இருப்பது பல்லவர் காலத்துத் தூசி–மாமண்டூர் ஏரி. 19-ஆம் நூற்றாண்டின் நடுவிலே வாலாசாப்பேட்டைப் பக்கத்திற் கட்டப்பட்ட பாலாற்று அணையினின்று பிரியும் தூசிக் கால்வாய் அவ்வேரிக்கு நீர்கொணர அமைந்தது. இதிலும் பழந்தமிழர் ஏரியும் பிற்காலத்தார் அணையும் கைகோத்தன. ஆயினும் பாலாற்றின் பாலங்கள் ஆண்டின் பெரும்பகுதி வறண்ட மணலின்மேலேயே நிற்கின்றன. அம்மணலும் அள்ளப்பட்டுக் குறைந்தது. வேகவதியோ நகரின் கழிவுநீரைச் சுமக்கின்றது. பட்டுத்தறியில் ஓர் இழை அறுந்தால் நெசவாளர் தறியை நிறுத்தி அதனை முடிந்த பின்னரே மேலே நெய்வர். ஆற்றின் இழை அறுந்ததை நாம் கண்டும் தறியை ஓட்டிக்கொண்டே இருக்கின்றோம்.

காட்டன் சரிதத்தினின்று நாம் கொள்ளத்தக்கது அயலார் புகழன்று, கற்கும் முறையே. அவர் கல்லூரியிற் கற்றது சில ஆண்டு. கல்லணையின் கற்களிடமும் காவிரியின் மணலிடமும் கற்றதே அவர்க்குப் பெருங்கல்வி. நம் முன்னோர் விட்டுச்சென்ற அப்பாடத்தை அவர் கடல்கடந்து வந்து படித்தார். ஏரிகளும் கால்வாய்களும் நம் ஊர்களின் அருகே இருக்கின்றன. அவற்றின் கரையில் நடந்து, நீர் எங்கிருந்து வருகின்றது, எங்கே தடைப்படுகின்றது என்று அறிந்துவர நமக்குப் பட்டமும் வேண்டுவதில்லை, பதவியும் வேண்டுவதில்லை. அப்படி அறிந்தோர் ஓர் ஊரில் பதின்மர் இருப்பின், அவ்வூர் ஆற்றைக் காக்க அது நல்ல தொடக்கமாகும்.