வானை அளந்த வேந்தர் மிர்சா உலூக் பேக்

ரமலான் பிறையைக் காணும் ஆவலுடன் புதுவை முல்லா வீதியில் மக்கள் மாடிகளில் நின்று மேல்வானை நோக்குகின்றனர். தொழுகை வேளை, கிப்லாவின் திசை, நோன்பின் தொடக்கம் ஆகிய மூன்றும் வானத்தோடு தொடர்புடையவை. சூரியனும் சந்திரனும் வரையறுத்த கணக்கின்படியே இயங்குகின்றன என்று திருமறை அறிவிக்கிறது. அக்கணக்கை ஆராய்வதையும் ஒரு வணக்கமாகவே நம் முன்னோர் கருதினர்.

இதே புதுவையில், 1768ஆம் ஆண்டு பிரெஞ்சு வானியல் அறிஞர் லெ ஜாந்தீல், போரில் இடிந்த மாளிகையின் மீது ஒரு வான் ஆய்வுக்கூடம் அமைத்தார். சூரியனை வெள்ளிக்கோள் கடக்கும் அரிய காட்சிக்காகக் காத்திருந்தார். 1769 ஜூன் 4ஆம் நாள் காலையில் மேகம் அதை மறைத்துவிட்டது. அவருக்கு மூன்று நூற்றாண்டுகளுக்கு முன்பே, கல்விக்கூடத்தோடு இணைந்த மாபெரும் வான் ஆய்வுக்கூடத்தை சமர்கந்தில் எழுப்பியவர் மிர்சா உலூக் பேக். அவரிடமிருந்து வானத்தை மறைத்தது மேகமன்று. பெற்ற மகனின் பகை.

அவருடைய இயற்பெயர் முஹம்மது தராகாய். கி.பி. 1394இல் (ஹிஜ்ரி 796) சுல்தானியாவில் பிறந்தார். பாட்டனார், உலகை நடுங்கச் செய்த தைமூர், தந்தையார் ஷாருக். பதினைந்து வயதிலேயே சமர்கந்தின் ஆட்சி அவர் கைக்கு வந்தது. பாட்டனார் வாளால் நாடுகளை வென்றார். பேரரோ அறிவால் வானத்தை அளக்க விழைந்தார்.

1417இல் புகாராவில் அவர் கட்டிய மதரஸாவின் வாயிலில், கல்வி தேடுவது முஸ்லிமான ஆண், பெண் இருபாலார்க்கும் கடமை என்னும் கருத்துப் பொறிக்கப்பட்டது. சமர்கந்தின் பெரிய மதரஸா 1420இல் நிறைவுற்றது. அங்கு மார்க்கக் கல்வியோடு கணிதமும் வானியலும் போதிக்கப்பட்டன. காழி ஸாதா, ஜம்ஷீத் அல்காஷி, அலீ குஷ்ஜி முதலிய பேரறிஞர்கள் அங்கே கூடினர். குர்ஆனின் பெரும்பகுதியை மன்னர் மனனம் செய்திருந்தார் என்றும், குதிரைமீது செல்லும்போதே சூரியனின் நிலையை மனத்தால் கணக்கிட்டார் என்றும் அல்காஷி தம் தந்தைக்கு எழுதிய கடிதத்தில் தெரிவித்துள்ளார்.

அடுத்து நகர்ப்புறக் குன்றில் வட்டவடிவான ஆய்வுக்கூடம் எழுந்தது. ஏறத்தாழ 40 மீட்டர் ஆரமுள்ள வளைவின் ஒரு பகுதி நிலத்தைக் குடைந்து அமைக்கப்பட்டது. நண்பகலில் அவ்வளைவில் விழும் ஒளியைக் கொண்டு சூரியனின் உயரத்தை அளந்தனர். தொலைநோக்கி தோன்றாத காலம் அது. ஆயினும் விண்மீன்களைக் கொண்டு கணிக்கும் ஓராண்டின் நீளம் 365 நாள், 6 மணி, 10 நிமிடம், 8 விநாடி எனக் கண்டனர். இன்றைய கணக்கிலிருந்து அது ஒரு நிமிடத்திற்கும் குறைவாகவே வேறுபடுகிறது. 1018 விண்மீன்களின் இருப்பிடங்களைக் கூறும் பட்டியல் 1437இல் உருவாயிற்று.

ஆனால் அறிவில் ஓங்கியவருக்கு அரசியலில் வெற்றி வாய்க்கவில்லை. 1447இல் தந்தையார் மறைந்தபின் பூசல் மூண்டது. இளைய மகனிடம் தந்தை கூடுதல் பரிவு காட்டுகிறார் எனக் குறைப்பட்ட மூத்தமகன் அப்துல் லத்தீப், போர் தொடுத்து வென்றான். தோற்ற உலூக் பேக் ஹஜ் செய்யப் புறப்பட்டார். 1449ஆம் ஆண்டின் ரமலான் மாதத்தில், வழியிலேயே மகனின் ஏவலால் வெட்டி வீழ்த்தப்பட்டார். அம்மகனும் ஆறேழு மாதங்களில் கொல்லப்பட்டான். 1941இல் கல்லறை திறக்கப்பட்டபோது, ஷஹீதுகளைப் போல அவர் உடுத்திய உடையோடே அடக்கப்பட்டிருந்தது தெரிந்தது.

ஆய்வுக்கூடம் பாழடைந்து மண்மூடியது; 1908இல்தான் அதன் எச்சம் கண்டெடுக்கப்பட்டது. ஆனால் அங்கே உருவான பட்டியலை அலீ குஷ்ஜி துருக்கிக்குக் கொண்டு சென்றார். 1665இல் அது ஆக்ஸ்போர்டில் அச்சாயிற்று. டெல்லியிலும் ஜெய்ப்பூரிலும் ஜெய்சிங் மன்னர் அமைத்த ஜந்தர் மந்தருக்கும் சமர்கந்தே முன்மாதிரி.

மனிதன் இறந்தபின்னும் நிலையான தருமம், பயன்தரும் கல்வி, தனக்காக இறைஞ்சும் நற்பிள்ளை ஆகிய மூன்றின் நன்மை தொடரும் என்பது நபிகள் நாயகம் (ஸல்) அவர்களின் போதனை. மூன்றாவது பேறு மூத்தமகன் வழியாக உலூக் பேக்குக்குக் கிட்டவில்லை. மற்ற இரண்டும் கிட்டின. புகாராவிலும் சமர்கந்திலும் மதரஸாக்கள் இன்றும் நிற்கின்றன. விண்மீன் கணக்கும் நிற்கின்றது. பிள்ளைகளுக்குப் பொருள் சேர்க்க விரும்பும் நாம், பள்ளிக்கும் நூலகத்திற்கும் ஒரு பங்கு ஒதுக்குவோமாக. நம் மக்களை அன்பிலும் நீதியிலும் வேற்றுமை காட்டாது வளர்ப்போமாக. வல்ல அல்லாஹ் அதற்கு அருள்புரிவானாக!