சிரிப்பால் பள்ளிக் கதவைத் திறந்தவர்

(இரண்டாம் ஆண்டு, பி.எஸ்சி., இயற்பியல்)

சிரிக்கத் தெரிந்தவர் பலர். சிரிக்க வைக்கத் தெரிந்தவர் சிலர். சிரிக்க வைத்துச் சிந்திக்கவும் வைத்தவர் மிகச் சிலர். அம்மிகச் சிலருள் முதல்வராக விளங்கியவர் கலைவாணர் என். எஸ். கிருஷ்ணன்.

நாகர்கோவிலை அடுத்த ஒழுகினசேரியில் 1908ஆம் ஆண்டு நவம்பர் 29ஆம் நாள் சுடலைமுத்துப் பிள்ளைக்கும் இசக்கியம்மாளுக்கும் மகனாகப் பிறந்தார். அன்று அவ்வூர் திருவிதாங்கூர் சமஸ்தானத்தைச் சேர்ந்தது. வீட்டிலோ வறுமை. தொடக்கப் பள்ளியோடு படிப்பு நின்றது. டென்னிஸ் மைதானத்தில் பந்து பொறுக்கிப் போட்டார். நாடகக் கொட்டகையில் தின்பண்டம் விற்றார். அந்தக் கொட்டகையே பின்னர் அவருக்குப் பள்ளிக்கூடம் ஆயிற்று. வில்லுப்பாட்டில் தேர்ந்தார். டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் குழுவில் சேர்ந்து ஊர் ஊராகச் சென்று நடித்தார்.

1935இல் 'மேனகா' படத்தில் நடித்தார். 1936இல் 'சதி லீலாவதி' வந்தது. எம்.ஜி.ஆருக்கும் அதுவே முதற்படம். தமக்கு வேண்டிய நகைச்சுவைக் காட்சிகளைத் தாமே அமைத்துக்கொள்ளும் ஆற்றல் அவருக்கு இருந்தது. அக்காலத்தில் உடன் நடிக்க வந்த டி.ஏ. மதுரம் வாழ்க்கைத் துணைவியும் ஆனார். கணவனும் மனைவியும் சேர்ந்து திரையில் தோன்றினாலே கொட்டகை குலுங்கிற்று.

புகழின் உச்சியில் இடி விழுந்தது. 1944 நவம்பரில் பத்திரிகையாளர் லட்சுமிகாந்தன் கொலையுண்டார். அவ்வழக்கில் எம்.கே. தியாகராஜ பாகவதரும் கிருஷ்ணனும் கைது செய்யப்பட்டனர். 1945இல் ஆயுள் தண்டனை பெற்றனர். மேல்முறையீடு லண்டன் பிரிவி கவுன்சில்வரை சென்றது. மறு விசாரணைக்குப் பின் 1947 ஏப்ரலில் இருவரும் குற்றமற்றவர் என விடுதலையாயினர். சிறையில் கழிந்தவை ஏறத்தாழ முப்பது மாதங்கள்! பாகவதருக்குப் பழைய செல்வாக்கு திரும்பவில்லை. கலைவாணரோ மீண்டும் எழுந்தார்.

எழுந்தவர் தந்த படம், 1949இல் வெளிவந்த 'நல்லதம்பி'. வசனம் அறிஞர் அண்ணா. அதில்தான் கிந்தனார் காலட்சேபம் வருகிறது. நந்தனார் சரித்திரத்தின் பாணியில் அமைந்த புதுக் கதை அது. நந்தனார் ஏங்கியது சிதம்பரத்துக்கு. கிந்தன் ஏங்குவது கல்விக்கு. தாழ்த்தப்பட்டவன் என்று ஒதுக்கப்பட்ட அச்சிறுவன் ரயிலேறிப் பட்டணம் போகிறான், படிக்கிறான், கல்வித் துறை அதிகாரியாகச் சொந்த ஊருக்கே திரும்பி வருகிறான். தாம் படிக்க முடியாமற்போன கலைஞர், படிப்பின் பெருமையைப் பாடினார்!

இங்கே என் வீட்டுக் கதையையும் சொல்ல வேண்டும். எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான். ஓசூர்ப் பக்கத்துப் பல குடும்பங்களைப் போல வீட்டில் எங்களுக்குத் தெலுங்கு, சந்தையில் கன்னடம், பள்ளியில் தமிழ். தொலைக்காட்சியில் 'நல்லதம்பி' ஓடியபோது, தமிழ் பாதியே புரியும் என் அவ்வா வாய்விட்டுச் சிரித்தார். கிந்தன் அதிகாரியாகி ஊர் திரும்பும் கட்டம் வந்ததும் சிரிப்பு நின்றது. முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். சிறுமியாக ஆடு மேய்த்தபோது பள்ளிக்கூட ஜன்னலோரம் நின்று பாடம் கேட்டு, விரட்டப்பட்ட கதையை அன்றுதான் எங்களுக்குச் சொன்னார். இத்தனை ஆண்டுகள் அவர் மனத்தில் பூட்டி வைத்திருந்ததை ஒரு நகைச்சுவை நடிகர் திறந்துவிட்டார்!

அதே படத்தில் விஞ்ஞானத்தை வளர்ப்பதாக மனைவியிடம் சொல்லும் பாடல் ஒன்றும் உண்டு. பொத்தானைத் தட்டினால் இட்லியும் காப்பியும் பக்கத்தில் வந்து நிற்க வேண்டும் என்பது அவர் கனவு. அன்று கொட்டகை சிரித்தது. இன்று நம் ஓசூர்ச் சிப்காட் ஆலைகளில் பொத்தானைத் தட்டினால் இயந்திரம் வேலை செய்கிறது.

1951இல் 'மணமகள்', 1952இல் 'பணம்' ஆகிய படங்களை இயக்கினார். வந்த பணத்தைக் கேட்டவர்க்கெல்லாம் கொடுத்தார். 1957 ஆகஸ்ட் 30ஆம் நாள், 48 வயதில் சென்னையில் மறைந்தார். 1969 ஜனவரியில் சென்னை தியாகராய நகரில் அவர் சிலையைத் திறந்து வைத்தவர் அண்ணா. அடுத்த மாதமே அண்ணாவும் மறைந்தார்.

மாணவ நண்பர்களே! பட்டம் பெற்றபின் நம்மிற் பலர் அத்திப்பள்ளியைத் தாண்டிப் பெங்களூர் செல்வோம். அது தவறன்று, கிந்தனும் பட்டணம் போனவன்தான். ஆனால் அவன் திரும்பி வந்தான். தன்னை ஒதுக்கிய ஊரின் பள்ளிக்கே வந்தான். இன்னும் ஜன்னலுக்கு வெளியே நிற்கும் குழந்தை ஒன்று நம் ஊரிலும் இருக்கலாம். அதன் கையைப் பிடித்து உள்ளே அழைத்துச் சென்றால், கலைவாணருக்கு நாம் செலுத்தும் நன்றி அதுவே.

வாழ்க கலைவாணர் புகழ்!