நகைச்சுவை வழியே நல்லறிவு புகட்டிய கலைவாணர்



சிறுவர்கள் முன் தோன்றிப் பேசியும் பாடியும் நடித்தும் அவர்களை மகிழ்வித்து, அம்மகிழ்ச்சியின் ஊடே நல்லறிவையும் புகட்டுவது ஓர் அரிய கலை. பிரிட்டன் போன்ற நாடுகளில் தொலைக்காட்சியின் வழி இப்பணியைச் செய்து புகழ் பெற்ற நடிகர்கள் பலர் உளர். நம் மலேசியாவில் தொலைக்காட்சி தோன்றியது 1963-ஆம் ஆண்டு டிசம்பர் மாதத்தில்தான். அதற்கு நெடுநாள் முன்பே, மேடையிலும் வெள்ளித்திரையிலும் நின்று தமிழ் மக்களைச் சிரிக்க வைத்துச் சிந்திக்கவும் வைத்த ஒருவர் நம்மிடையே வாழ்ந்தார். அவரே கலைவாணர் என். எஸ். கிருஷ்ணன். பாட்டனார் பாட்டியார் காலத்தில் பெரிதும் போற்றப்பெற்ற அப்பெருமகனாரின் வரலாற்றை இளைய தலைமுறையினர் அறிதல் நலம் எனக் கருதி ஈண்டுச் சுருக்கமாகக் கூற முற்படுகிறோம்.

இளமைப் பருவம்

தமிழகத்தின் தென்கோடியில் உள்ளது நாகர்கோவில். அதனை அடுத்த ஒழுகினசேரி என்னும் சிற்றூரில் 1908-ஆம் ஆண்டு நவம்பர் 29-ஆம் நாள் கிருஷ்ணன் பிறந்தார். தந்தையார் பெயர் சுடலைமுத்து; தாயார் இசக்கியம்மாள். எளிய குடும்பம். வறுமையின் காரணமாக அவருடைய பள்ளிப் படிப்பு நான்காம் வகுப்போடு நின்று போயிற்று.

புத்தகம் ஏந்த வேண்டிய கைகள் உழைக்கத் தொடங்கின. டென்னிஸ் மட்டைகளுக்கு நரம்பு கட்டும் வேலையைச் செய்தார். நாடகக் கொட்டகையில் தின்பண்டம் விற்றார். விற்கும் நேரத்திலும் அவர் கண்கள் மேடையை விட்டு அகலவில்லை. அவ்வட்டாரத்துக் கோயில் திருவிழாக்களில் வில்லுப்பாட்டு நடைபெறும். பெரிய வில்லொன்றைக் குடத்தின் மீது கட்டி, அதன் நாணைக் கோலால் தட்டிக் கதை சொல்லும் கலை அது. கதை சொல்பவர் ஒருவர். அவர் சொல்வதற்கு ஆமாம் போட்டுக் கேள்வி எழுப்புபவர் மற்றொருவர். எத்தனை கடினமான செய்தியையும் பாமரர்க்கு எளிதாக்கித் தரும் அக்கலையைச் சிறுவன் கிருஷ்ணன் கேட்டுக் கேட்டே கற்றுக் கொண்டார். பிற்காலத்தில் அவருக்குப் புகழ் தேடித் தந்த பேச்சுத் திறனுக்கு இதுவே வித்தாயிற்று எனலாம்.

நாடக வாழ்வு

அக்காலத்தில் பாய்ஸ் கம்பெனி என வழங்கிய சிறுவர் நாடகக் குழுக்கள் ஊர் ஊராகச் சென்று நாடகங்கள் நடத்தின. ஏழைச் சிறுவர்கள் பலருக்கு அவையே வீடும் பள்ளியுமாக விளங்கின. பாட்டு, வசனம், ஆட்டம் எல்லாம் அங்கேயே பயிற்றுவிக்கப் பெற்றன. டி. கே. சண்முகம் முதலிய சகோதரர்கள் நால்வர் நடத்திய பால சண்முகானந்த சபையில் கிருஷ்ணன் சேர்ந்தார். எந்த நடிகர் வராமற் போனாலும் அவருடைய வேடத்தை ஏற்று நடிக்கும் அளவுக்கு எல்லாப் பாத்திரங்களையும் மனத்தில் பதித்து வைத்திருந்தார். நான்காம் வகுப்போடு பள்ளியை விட்டவர் கற்பதை மட்டும் விடவில்லை என்பதை மாணவர்கள் குறித்துக் கொள்ள வேண்டும்.

திரையுலகில்

1930-களில் தமிழில் பேசும் படங்கள் பெருகத் தொடங்கின. 1936-இல் எல்லிஸ் ஆர். டங்கன் என்னும் அமெரிக்கர் இயக்கிய சதிலீலாவதி என்ற படத்தில் கிருஷ்ணன் நடித்தார். எம். ஜி. இராமச்சந்திரன் முதன்முதலில் தோன்றிய படமும் அதுவே. குடியினாலும் தீய நட்பினாலும் பொருளை இழந்த ஒருவன் இலங்கைக்குச் சென்று தேயிலைத் தோட்டத்தில் கூலியாக உழைக்கும் கதை அது. தோட்டத் தொழிலாளியின் வாழ்வு தமிழ்த் திரையில் அத்துணை முற்காலத்திலேயே இடம் பெற்றது நம் கவனத்திற்குரியது.

அதே காலத்தில் வசந்தசேனா என்ற படத்திற்காகப் புனே நகருக்குச் சென்றபோது நடிகை டி. ஏ. மதுரத்தைச் சந்தித்தார். பின்னர் இருவரும் மணம் புரிந்து கொண்டனர். கணவனும் மனைவியுமாக இணைந்து தோன்றிய அவர்களுடைய நகைச்சுவைக் காட்சிகளைக் காண்பதற்கென்றே மக்கள் திரண்டனர். அம்பிகாபதி, சகுந்தலை, கண்ணகி, ஹரிதாஸ் என அவர் நடித்த படங்கள் பலவாம். தம் நகைச்சுவைப் பகுதிகளைத் தாமே அமைத்துக் கொண்டார். மூடப் பழக்கம், குடிப்பழக்கம், தீண்டாமை ஆகியவையே அவருடைய கேலிக்கு இலக்காயின. எளியவனைக் கண்டு ஊர் சிரிக்கும்படி செய்வது அவர் வழியன்று. எளியவனை ஏய்ப்பவனைக் கண்டு எளியவனே சிரிக்கும்படி செய்வது அவர் வழி.

சோதனைக் காலம்

புகழின் உச்சியில் இருந்தபோது பேரிடி ஒன்று விழுந்தது. 1944-ஆம் ஆண்டு நவம்பரில் லட்சுமிகாந்தன் என்னும் பத்திரிகையாளர் சென்னையில் கொலையுண்டார். அவ்வழக்கில் நடிகர் எம். கே. தியாகராஜ பாகவதரோடு கிருஷ்ணனும் கைது செய்யப்பட்டார். 1945-இல் இருவருக்கும் ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது. மேல்முறையீடும் பயன் தரவில்லை. ஆயினும் மதுரம் அம்மையார் மனந்தளரவில்லை. எஸ். வி. சகஸ்ரநாமத்தின் துணையோடு கணவர் பெயரில் நாடகசபை நடத்தி உடன் நடித்த கலைஞர்களைக் காத்தார். வழக்கையும் விடாது நடத்தினார். வழக்கு இலண்டனில் உள்ள பிரிவியு கவுன்சில் வரை சென்றது. அம்மன்றம் மறு விசாரணைக்கு ஆணையிட, 1947-ஆம் ஆண்டு ஏப்ரலில் சென்னை உயர்நீதிமன்றம் இருவரையும் விடுதலை செய்தது.

இரண்டு ஆண்டுகளுக்கு மேல் சிறையில் கழித்தவர் கசப்போடு திரும்பியிருக்கலாம். அவரோ மீண்டும் மக்களைச் சிரிக்க வைக்கும் பணியையே மேற்கொண்டார். அவ்வாண்டிலேயே தமிழ் நாடக மேதை பம்மல் சம்பந்த முதலியார் அவருக்குக் கலைவாணர் என்னும் பட்டத்தை வழங்கினார். இயற்பெயரினும் அப்பெயரே இன்று நிலைத்து நிற்கிறது.

கிந்தனார் கதை

கலைவாணரின் படைப்புகளில் பள்ளிப் பிள்ளைகளாகிய உங்களுக்கு மிக நெருங்கியது கிந்தனார் காலட்சேபம் ஆகும். கோபாலகிருஷ்ண பாரதியார் இயற்றிய நந்தனார் சரித்திரத்தைப் பெரியவர்கள் அறிவர். தீண்டாமைக் கொடுமைக்கு ஆளான நந்தனார் சிதம்பர தரிசனத்திற்கு ஏங்கிய கதை அது. அதன் அமைப்பைத் தழுவி, உடுமலை நாராயண கவியின் துணையோடு கலைவாணர் புதுக்கதை ஒன்றை உருவாக்கினார். அவருடைய கிந்தன் ஏங்குவது படிப்பிற்கு. ஒடுக்கப்பட்ட குலத்தில் பிறந்த அச்சிறுவனுக்கு ஊர்ப் பள்ளியில் இடமில்லை. அவன் இரயிலேறிப் பட்டணம் சென்று, கற்றுத் தேர்ந்து, பள்ளிகளை மேற்பார்வையிடும் அதிகாரியாகத் தன் ஊருக்கே திரும்புகிறான். 1949-இல் வெளிவந்த நல்லதம்பி படத்திலும் இக்காலட்சேபம் இடம் பெற்றது. அறிஞர் அண்ணா கதை வசனம் எழுதிய அப்படம் மதுவின் தீமையையும் எடுத்துரைத்தது.

இக்கதையைச் சொன்னவர் யார் என்பதை எண்ணிப் பாருங்கள். நான்காம் வகுப்போடு நின்றவர். தமக்குக் கிட்டாத கல்வி பிறர் பிள்ளைகளுக்கேனும் கிட்ட வேண்டும் என்ற ஏக்கமே அந்நகைச்சுவையின் அடியில் ஓடியது என்பது எம் துணிபு. தோட்டத்துத் திடலில் வெண்துணி கட்டிப் படம் காட்டிய அந்நாட்களில், பால்மரத்து வேலை முடித்து வந்து பாயில் அமர்ந்த நம் முன்னோர்க்கும் கிந்தன் அயலான் அல்லன். கள்ளுக்கடை ஒருபுறமும் பள்ளிக்கூடம் மறுபுறமும் நின்ற தோட்ட வாழ்வில், எப்பக்கம் நடப்பது என்பதே ஒவ்வொரு குடும்பத்தின் கேள்வியாக இருந்தது.

வள்ளன்மையும் இறுதி நாட்களும்

கலைவாணர் ஈட்டியதனைத்தையும் ஈந்தார். வந்தவர் எவரையும் வெறுங்கையோடு அனுப்பியதில்லை என்பர். நாகர்கோவில் நகராட்சிப் பூங்காவில் காந்தியடிகளுக்கு நினைவுத் தூண் ஒன்றைத் தம் சொந்தச் செலவில் எழுப்பினார். வில்லுப்பாட்டைப் பட்டணத்து மேடைக்குக் கொண்டு சென்றார். சுப்பு ஆறுமுகம் என்னும் இளைஞரைச் சென்னைக்கு அழைத்து வந்து அக்கலையில் ஊக்குவித்தார். 1951-இல் சோவியத் நாட்டிற்கும் சென்று வந்தார். மணமகள், பணம் ஆகிய படங்களை அவரே இயக்கினார்.

1957-ஆம் ஆண்டு ஆகஸ்டு 30-ஆம் நாள் சென்னையில் அவர் காலமானார். அப்போது அவருக்கு வயது 49 கூட நிரம்பவில்லை. பெருஞ்செல்வம் ஈட்டியவர் பெருஞ்செல்வம் எதையும் விட்டுச் செல்லவில்லை. ஆயினும் மக்கள் மறக்கவில்லை. 1969-ஆம் ஆண்டு சனவரி 14-ஆம் நாள் சென்னை தியாகராய நகரில் அவரது சிலையை முதலமைச்சர் அண்ணா திறந்து வைத்தார். சென்னையில் பாலர் அரங்கம் என்று வழங்கிய மண்டபத்திற்கு 1974-இல் கலைவாணர் அரங்கம் என்று பெயர் சூட்டப் பெற்றது. பழைய கட்டடம் இடிக்கப்பட்டுப் புதிய கட்டடம் 2016-இல் திறக்கப்பட்ட பின்னும் அப்பெயர் தொடர்கிறது. பாலர்களின் பெயர் தாங்கிய அரங்கிற்கு, கல்வியை நகைச்சுவையாகப் புகட்டியவரின் பெயர் வாய்த்தது மிகப் பொருத்தமே.

நாம் கற்க வேண்டுவன

மாணவச் செல்வங்களே! சிரிப்பு நல்லது. ஆனால் வகுப்பில் தடுமாறிப் படிக்கும் தோழனைக் கண்டு சிரிப்பது நகைச்சுவை ஆகாது. துன்புற்றவனையும் சிரிக்க வைப்பதே உண்மையான நகைச்சுவை. மேடையேறி நடிக்கவும் கதை சொல்லவும் கூச்சப்படாதீர்கள். அவையும் கல்வியின் பகுதிகளே.

பெற்றோர்களே! திறமை மிக்க ஒரு சிறுவனின் படிப்பை வறுமை நான்காம் வகுப்பில் நிறுத்திற்று. அவன் கலையால் உயர்ந்தான். அவ்வாறு உயர்ந்தவர் ஆயிரத்தில் ஒருவரே. மற்ற தொள்ளாயிரத்துத் தொண்ணூற்றொன்பது பேருக்கும் படிப்பே ஏணி. இங்கே லாபுத் தோட்டங்களில் பிறந்த நம் பிள்ளைகளுக்குப் பள்ளியின் கதவு திறந்தே இருக்கிறது. கிந்தனைப் போல் ஊர் விட்டு ஓட வேண்டிய நிலை இன்றில்லை. ஆயினும், ஆறாம் ஆண்டை முடித்து இடைநிலைப் பள்ளிக்குச் சென்ற பிள்ளை பாதியிலேயே நின்றுவிடாமல் காப்பது நம் அனைவரின் கடமை. நாள்தோறும் தவறாமல் பள்ளிக்கு அனுப்புங்கள். மாலையில் அரைமணி நேரமேனும் அருகில் அமர்ந்து, அன்று கற்றது என்ன என்று கேளுங்கள். கலைவாணர் கண்ட கனவு நம் தோட்டத்திலும் நனவாகும்.

வாழ்க கலைவாணர் புகழ்! வளர்க தமிழ்க் கல்வி!