புனே வெள்ளம் முதல் எல்லைப் போர் வரை
ஒய்.பி.சவான் வாழ்க்கை வரலாறு

மும்பையில் இருந்து புனேக்கு விரைவுச்சாலை வழியாகப் போகிறவர்களுக்கு அந்தப் பெயர் தெரிந்திருக்கும். யஷ்வந்தராவ் சவான். அந்தச் சாலை அவர் பெயரில்தான் இருக்கிறது. நரிமன் பாயிண்டில் அவர் பெயரில் ஒரு மையம் உண்டு. நாசிக்கில் உள்ள திறந்தவெளிப் பல்கலைக்கழகத்துக்கும் அவர் பெயரே.

மராட்டிய மாநிலத்தின் முதலாவது முதல்-மந்திரி அவர். இது பலருக்கும் தெரியும். ஆனால் அவர் வாழ்க்கையில் இன்னொரு சிறப்பு உண்டு. மாநிலத்தில் வெள்ளம் வந்தபோது, ராணுவத்தின் உதவியைப் பெற்ற அரசுக்குத் தலைவராக இருந்தார். அடுத்த ஆண்டே அந்த ராணுவத்துக்கு மந்திரியாக டெல்லிக்குப் போனார். பிறகு நாட்டின் உள்துறையும் அவர் கைக்கு வந்தது. உதவி கேட்கும் இடத்திலும் இருந்தார். உதவி கொடுக்கும் இடத்திலும் இருந்தார்.

ஆபத்து வந்தால் மாநிலமும் மத்திய அரசும் எப்படிச் சேர்ந்து உழைக்க வேண்டும்? சேராவிட்டால் என்ன ஆகும்? இரண்டையும் அவர் வாழ்க்கையில் பார்க்கலாம்.

தாய் வளர்த்த பிள்ளை

1913-ம் ஆண்டு மார்ச் 12-ந்தேதி தேவராஷ்ட்ரே என்ற கிராமத்தில் சவான் பிறந்தார். அப்போது அது சதாரா ஜில்லா. இப்போது சாங்லி மாவட்டத்தில் இருக்கிறது. ஏழைக் குடியானவர் குடும்பம். சிறு வயதிலேயே தந்தை இறந்துவிட்டார். தாய் விட்டாபாய்தான் பாடுபட்டுப் பிள்ளைகளை வளர்த்தார்.

புனே-மிரஜ் ரயில் பாதையில் உள்ள கராட் நகரில் சவான் படித்தார். பள்ளிப் பருவத்திலேயே சுதந்திரப் போராட்டத்தில் குதித்தார். 1932-ம் ஆண்டு கொடி ஏற்றியதற்காக அவருக்கு 18 மாத சிறைத்தண்டனை கிடைத்தது. வெளியே வந்து படிப்பைத் தொடர்ந்தார். கோலாப்பூரில் பி.ஏ. படித்தார். புனேயில் சட்டம் படித்து 1941-ல் வக்கீல் ஆனார்.

1942-ம் ஆண்டு ஜூன் மாதம் வேணுதாய் என்ற பெண்ணை மணந்தார். அடுத்த 2 மாதத்தில் ‘வெள்ளையனே வெளியேறு’ போராட்டம் வெடித்தது. சவான் தலைமறைவானார். போலீசார் அவரைத் தேடினார்கள். கிடைக்கவில்லை. புது மணப்பெண் வேணுதாயைக் கைது செய்தார்கள். பிறகு சவானும் பிடிபட்டார். கலியாணம் ஆன மறு பொங்கலுக்கு மனைவி சிறையில் இருந்தார்.

முதல்-மந்திரி பதவி

1946-ல் பம்பாய் சட்டசபைக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். உள்துறையில் பாராளுமன்றச் செயலாளர் ஆனார். போலீஸ் நிர்வாகத்தின் நெளிவு சுளிவுகளை அங்கேதான் கற்றார். அந்த ஆண்டு டிசம்பரில் பம்பாயில் ஊர்க்காவல் படை தொடங்கப்பட்டது. கலவரக் காலத்தில் பொதுமக்களே போலீசுக்குத் துணையாக நிற்கும் படை அது. பின்னாளில் நாடு முழுவதும் பரவியது.

1956-ம் ஆண்டு நவம்பர் 1-ந்தேதி சவான் முதல்-மந்திரி ஆனார். அப்போது மராட்டியமும் குஜராத்தும் சேர்ந்த பெரிய பம்பாய் மாநிலம். மராட்டியருக்குத் தனி மாநிலம் வேண்டும் என்று பெரும் கிளர்ச்சி நடந்த காலம். நூற்றுக்கும் மேற்பட்டவர்கள் உயிரை விட்டிருந்தார்கள். சவான் டெல்லியின் பக்கம் நிற்கிறார் என்று சொந்த மக்களே அவரை ஏசினார்கள். அவர் பொறுமையாக டெல்லியுடன் பேசினார். 1960-ம் ஆண்டு மே 1-ந்தேதி மராட்டிய மாநிலம் பிறந்தது.

அணை உடைந்தது

மாநிலம் பிறந்து 14 மாதம்தான் ஆகியிருந்தது. 1961-ம் ஆண்டு ஜூலை மாதம் புனே மலைப்பகுதியில் பேய்மழை கொட்டியது. பான்ஷெட் அணை அப்போது கட்டி முடியாத நிலை. மதகு வேலை முழுமை அடையவில்லை. ஆனால் அந்த மழைக்காலத்திலேயே தண்ணீர் தேக்கினார்கள். மண் அணை அமுங்கத் தொடங்கியது.

ராணுவத்தின் உதவி கேட்கப்பட்டது. தெற்குப் பிராந்திய ராணுவத் தலைமையகம் புனேயில்தான் இருக்கிறது. ஜவான்கள் விரைந்து போனார்கள். கொட்டும் மழையில், இருட்டில், மணல் மூட்டைகளை அடுக்கி அணையைத் தாங்கிப் பார்த்தார்கள். எந்த நேரமும் அணை தங்களையே அடித்துக்கொண்டு போகலாம் என்று தெரிந்தும் வேலையை விடவில்லை.

ஜூலை 12-ந்தேதி காலை அணை உடைந்தது. அந்த வெள்ளம் கீழே இருந்த கடக்வாஸ்லா அணையையும் உடைத்தது. முட்டா ஆறு புனே நகருக்குள் புகுந்தது. ஆற்றங்கரைப் பேட்டைகளில் ஆயிரக்கணக்கான வீடுகள் இடிந்தன. பலர் மாண்டார்கள். குடிதண்ணீர் கொடுத்து வந்த அணையே போய்விட்டது. வெள்ளத்துக்கு நடுவே குடிக்கத் தண்ணீர் இல்லை.

ஜவான்கள் அடுக்கிய மூட்டைகள் அணையைக் காப்பாற்றவில்லை. ஆனால் சில மணி நேரத்தைக் காப்பாற்றின. அந்த அவகாசம் இல்லாமல் இரவிலேயே அணை போயிருந்தால், தூக்கத்திலேயே ஊர் அழிந்திருக்கும் என்று புனேக்காரர்கள் இன்றும் சொல்வார்கள்.

சவான் அரசு நிவாரண வேலையை எஸ்.ஜி.பார்வே என்ற ஐ.சி.எஸ். அதிகாரியிடம் ஒப்படைத்தது. புனேயை நன்றாக அறிந்தவர் அவர். இடிந்த நகரம் மறுபடி எழுந்தது. அணை ஏன் உடைந்தது என்று விசாரிக்கக் கமிஷனும் அமைக்கப்பட்டது. தவறு மாநில அரசின் இலாகாவில் நடந்தது என்ற பழி சவான் ஆட்சிக்குத்தான் வந்தது. அதை மறைப்பதற்கு இல்லை.

இங்கே ஒன்றை விளக்க வேண்டும். நமது அரசியல் சட்டப்படி போலீஸ் மாநில அரசின் பொறுப்பு. ராணுவம் மத்திய அரசின் பொறுப்பு. வெள்ளம், தீ, கலவரம் ஆகியவற்றை மாநில அதிகாரிகளால் சமாளிக்க முடியாமல் போனால், அவர்கள் கேட்டுக்கொண்டதும் அருகில் உள்ள ராணுவ முகாம் உதவிக்கு வரும். கேட்பதில் தாமதம் ஆனாலும் உயிர் போகும். வருவதில் தாமதம் ஆனாலும் உயிர் போகும். புனேயில் ராணுவம் கூப்பிடு தூரத்தில் இருந்தது. எல்லா ஊருக்கும் அந்தப் பாக்கியம் இல்லை.

டெல்லி அழைத்தது

1962-ம் ஆண்டு அக்டோபர் 20-ந்தேதி சீனப்படை இமயமலை எல்லையில் தாக்கியது. 26-ந்தேதி நாடு முழுவதும் நெருக்கடி நிலை அறிவிக்கப்பட்டது. நமது ஜவான்கள் போதிய கம்பளி உடை இல்லாமல், பழைய துப்பாக்கிகளுடன் பனியில் நின்றார்கள். தோல்விக்கு மேல் தோல்வி. பாதுகாப்பு மந்திரி கிருஷ்ண மேனன் பதவி விலக நேர்ந்தது.

அந்த இடத்துக்குப் பிரதமர் நேரு ஒரு மாநிலத்தின் முதல்-மந்திரியைக் கூப்பிட்டார். சவான் முதல்-மந்திரி பதவியை விட்டுவிட்டு டெல்லிக்குப் போனார். இமயத்துக்கு ஆபத்து வந்தபோது சஹ்யாத்ரி மலை துணைக்கு ஓடியது என்று மராட்டியர் பெருமையாகச் சொல்வது இதைத்தான். அவர் பதவி ஏற்ற நவம்பர் 21-ந்தேதிதான் சீனாவின் போர் நிறுத்தமும் வந்தது. ராணுவத்துக்கும் பொருளாதாரத்துக்கும் இடையே இணைப்பு வேலையைப் பார்க்க, நமது தமிழ்நாட்டைச் சேர்ந்த மந்திரி டி.டி.கிருஷ்ணமாச்சாரி அதே மாதம் பொறுப்பு ஏற்றார்.

சவான் தினமும் காலையில் முப்படைத் தளபதிகளுடன் கலந்து பேசினார். படை நடத்தும் வேலையைத் தளபதிகளிடமே விட்டார். படை பலத்தை 8 லட்சத்து 25 ஆயிரமாக உயர்த்தவும், மலைப் போருக்கென்று 10 டிவிஷன்கள் அமைக்கவும் திட்டம் போட்டார். 1963-ல் நாசிக் தொகுதியில் இருந்து போட்டி இன்றி பாராளுமன்றத்துக்குத் தேர்வானார்.

1965 பாடம்

1965 வரை பாகிஸ்தான் எல்லையைக் காத்தது பெரும்பாலும் அந்தந்த மாநில ஆயுதப் போலீஸ்தான். ஒரு மாநிலத்தின் துப்பாக்கி ஒரு விதம். அடுத்த மாநிலத்தின் பயிற்சி வேறு விதம். அந்த ஆண்டு ஏப்ரல் 9-ந்தேதி கட்ச் பகுதியில் சர்தார் சாவடியைப் பாகிஸ்தான் படை தாக்கியது. மத்திய ரிசர்வ் போலீசார் வீரத்துடன் எதிர்த்து நின்றார்கள். ஆனால் எல்லைக் காவல் போலீஸ் மட்டும் பார்க்கும் வேலை அல்ல என்பது எல்லோருக்கும் புரிந்துவிட்டது.

செப்டம்பர் 1-ந்தேதி சாம்ப் பகுதியில் பாகிஸ்தான் டாங்கிகள் புகுந்தன. விமானப்படையை அனுப்ப அனுமதி கேட்டுத் தளபதிகள் வந்தார்கள். சவான் சில நிமிடங்களில் சரி என்றார். அன்று மாலையே விமானங்கள் பறந்தன.

போரில் மாநிலங்களும் ரத்தம் சிந்தின. செப்டம்பர் 19-ந்தேதி குஜராத் முதல்-மந்திரி பல்வந்த்ராய் மேத்தா எல்லைப் பகுதிக்கு விமானத்தில் போனார். பாகிஸ்தான் போர் விமானம் அதைச் சுட்டு வீழ்த்தியது. அவரும் அவர் மனைவியும் உடன் சென்றவர்களும் மாண்டார்கள். ராஜஸ்தானில் கட்ரா ரோடு பகுதியில் குண்டுவீச்சுக்கு நடுவே ரயில் பாதையைக் காத்து, ராணுவத்துக்குச் சரக்கு கொண்டு சென்ற ரயில்வே தொழிலாளர் 17 பேர் உயிர் இழந்தார்கள். ஒவ்வொரு ஆண்டும் ரயில்வே அவர்களுக்கு அஞ்சலி செலுத்துகிறது.

போருக்குப் பிறகு மாநிலங்களின் சம்மதத்துடன் டிசம்பர் 1-ந்தேதி எல்லைப் பாதுகாப்புப் படை உருவானது. மாநிலங்களின் ஆயுதப் போலீஸ் பட்டாளங்களே அதில் சேர்ந்தன. மாநிலங்கள் ஆளைக் கொடுத்தன. மத்திய அரசு பொறுப்பை ஏற்றது.

உள்துறை மந்திரி

1966-ம் ஆண்டு நவம்பரில் சவான் உள்துறை மந்திரி ஆனார். சில மாதத்தில் தேர்தல் வந்தது. சென்னை, கேரளா, வங்காளம் என்று பல மாநிலங்களில் காங்கிரஸ் தோற்றது. அதுவரை டெல்லியிலும் பெரும்பாலான மாநிலங்களிலும் ஒரே கட்சி. டெலிபோனில் பேசி முடித்துக்கொண்டார்கள். இனி அது நடக்காது. எழுதப்பட்ட சட்டம் தேவைப்பட்டது.

1968-ம் ஆண்டு ஒரே வருடத்தில் 3 சட்டங்கள் வந்தன. குடிமக்கள் பாதுகாப்புச் சட்டம், எல்லைப் பாதுகாப்புப் படைச் சட்டம், மத்திய தொழில் பாதுகாப்புப் படைச் சட்டம். இன்று விமான நிலையத்திலும் துறைமுகத்திலும் காவல் நிற்பது இந்தத் தொழில் பாதுகாப்புப் படைதான்.

இதற்கு நடுவே 1967-ம் ஆண்டு டிசம்பர் 11-ந்தேதி விடியும் முன் கொய்னாவில் பூகம்பம் வந்தது. சவானின் சொந்தச் சதாரா ஜில்லா. ஏறத்தாழ 180 பேர் இறந்தார்கள். கொய்னா மின்சாரம் நின்றதால் பம்பாய் ஆலைகளும் தடுமாறின. அணை மட்டும் தாங்கி நின்றது. பான்ஷெட்டை மறக்காத ஜனங்கள் அணை நின்ற செய்தி கேட்டுத்தான் மூச்சு விட்டார்கள்.

கசப்பான நாட்கள்

எல்லாம் இனிப்பாக நடக்கவில்லை. 1968 செப்டம்பர் 19-ந்தேதி மத்திய அரசு ஊழியர்கள் சம்பள உயர்வு கேட்டு ஒரு நாள் வேலைநிறுத்தம் செய்தார்கள். ரயில்வேயும் சேர்ந்தது. மத்திய அரசு அவசரச் சட்டம் போட்டது. கேரளத்தில் ஈ.எம்.எஸ். நம்பூதிரிபாட் அரசு தொழிலாளர் மீது அந்தச் சட்டத்தைப் பிரயோகிக்க மறுத்தது. மாநில அரசு கேட்காமலே மத்திய ரிசர்வ் போலீஸ் கேரளத்தில் இறங்கியது. இரு அரசுகளுக்கும் மோதல். ரயில்வேயில் பலர் நடவடிக்கைக்கு ஆளானார்கள். பழைய தொழிலாளர் குடும்பங்களில் இந்தக் கதை இன்னும் பேசப்படுகிறது.

1969 பிப்ரவரியில் மைசூர் எல்லைத் தகராறை ஒட்டிப் பம்பாயில் கலவரம் மூண்டது. தென்னாட்டார் கடைகளும் ஓட்டல்களும் தாக்கப்பட்டன. டெல்லியில் உள்துறை சவானிடம் இருந்தது. ஆனால் தெருவில் காவல் மாநிலப் போலீசிடம் இருந்தது. கதவைச் சாத்திக்கொண்டு உள்ளே இருந்த ஏழைத் தமிழனுக்கு எது மாநில அதிகாரம், எது மத்திய அதிகாரம் என்று தெரியாது. அவனுக்கு வேண்டியது வாசலில் ஒரு போலீஸ்காரர்.

அதிகாரத்தைப் பற்றி அரசுகள் சண்டை போடலாம். அந்த நேரத்தில் நஷ்டப்படுகிறவன் சாதாரண மனிதன். இது இந்த வாழ்க்கை வரலாற்றில் நாம் பார்க்க வேண்டிய முக்கியமான விஷயம்.

கடைசிப் பணி

பிறகு சவான் நிதி மந்திரியாகவும் வெளிநாட்டு மந்திரியாகவும் இருந்தார். 1977-ல் எதிர்க்கட்சித் தலைவர் ஆனார். 1979-ல் சில மாதம் துணைப் பிரதமர் பதவி வகித்தார். 1983-ல் வேணுதாய் காலமானார். அதன் பிறகு அவர் தளர்ந்துவிட்டார்.

ஆனாலும் ஒரு வேலை பாக்கி இருந்தது. 8-வது நிதிக் கமிஷனுக்கு அவர்தான் தலைவர். மத்திய அரசின் வரிப்பணத்தை மாநிலங்களுக்குப் பங்கிடும் கமிஷன் அது. வெள்ளம், புயல், வறட்சி வந்தால் உடனே செலவு செய்ய ஒவ்வொரு மாநிலத்துக்கும் முன்கூட்டியே ஒரு தொகை ஒதுக்க வேண்டும், அதில் பாதியை மத்திய அரசு தர வேண்டும் என்று அந்தக் கமிஷன் சிபாரிசு செய்தது. பின்னால் வந்த கமிஷன்கள் மத்திய அரசின் பங்கை இன்னும் கூட்டின. 1961-ல் வெள்ளத்துக்கு நடுவே மாநிலத்தை ஆண்டவர், ஆபத்து வருவதற்கு முன்பே பணம் தயாராக இருக்க வேண்டும் என்று எழுதிவைத்துப் போனார்.

1984-ம் ஆண்டு நவம்பர் 25-ந்தேதி டெல்லியில் சவான் காலமானார். வயது 71. உடலைக் கராட் நகருக்குக் கொண்டு வந்தார்கள். கிருஷ்ணா, கொய்னா ஆறுகள் சேரும் இடத்தில் தகனம் நடந்தது. அங்கே அவருக்கு நினைவிடம் இருக்கிறது.

2006-ல் தேசிய பேரிடர் மீட்புப்படை அமைந்தது. எல்லைப் பாதுகாப்புப் படை, தொழில் பாதுகாப்புப் படை முதலிய மத்தியப் படைகளில் இருந்தே அதற்குப் பட்டாளங்கள் எடுக்கப்பட்டன. இப்போது மழைக்காலத்தில் நம் குடியிருப்புக்குள் தண்ணீர் புகுந்தால் ரப்பர் படகுடன் வருகிறவர்கள் அவர்கள்தான். படகில் வருகிறவரை நாம் எந்த அரசின் ஆள் என்று கேட்பது இல்லை. கையைப் பிடித்துக்கொண்டு ஏறுகிறோம்.