பகலில் வழக்கு, மாலையில் ஒத்திகை

பம்மல் சம்பந்த முதலியாரை நாடகாசிரியராக அறியாத தமிழர் குறைவு. அவர் வக்கீலாகவும் நீதிபதியாகவும் வாழ்ந்தவர் என்பதை நம்மில் எத்தனை பேர் நினைக்கிறோம்?

1873இல் சென்னையில் பிறந்த அவர், மாணவராக இருந்தபோதே, 1891இல், தோழர் சிலருடன் சுகுண விலாச சபையைத் தொடங்கினார். அதற்குத் தூண்டுகோல், பல்லாரியிலிருந்து வந்து சென்னையில் நாடகம் நடத்திய கிருஷ்ணமாச்சார்லு. அவரும் ஒரு வக்கீலே! நடிகனைக் கூத்தாடி என்று இகழ்ந்த காலம் அது. படித்தவர்களும் உத்தியோகஸ்தர்களும் வேஷம் கட்டிய அந்தச் சபை அவ்விகழ்ச்சியைக் குறைத்தது. பிற்காலத்தில் தேசத் தலைவராய் விளங்கிய வக்கீல் சத்தியமூர்த்தியும் அதன் மேடையில் நடித்தவரே.

முதலியார் சட்டம் பயின்று வழக்காடினார். 1924 முதல் 1928 வரை சென்னைச் சிறுவழக்கு நீதிமன்றத்தில் நீதிபதியாக அமர்ந்தார். வயிற்றுப்பாட்டுக்குச் சட்டம் இருந்ததால்தான் கலையை விலைபேசும் அவசியம் அவருக்கு நேரவில்லை என்பது என் எண்ணம். ஆயினும் 90 நாடகங்களுக்குக் குறையாமல் எழுத நேரம் எங்கே கிடைத்தது? ஆய்வுக்கூடத்தைப் பூட்டிவிட்டு நம் சங்க ஒத்திகைக்கு மூச்சிரைக்க ஓடிவரும் எனக்கு அதுவே பெருவியப்பு.

படவுலகுக்கு அவர் வந்தது ஓய்வு பெற்ற பின்பு, அறுபதைத் தாண்டிய வயதில். ‘சதி சுலோசனா’ படத்தை இயக்கினார். 1936இல் ‘மனோகரா’ படமாயிற்று. 1895இல் மேடையேறிய அந்த நாடகத்தில் இளவரசனாக நடித்தவர், படத்தில் அவன் தந்தை புருஷோத்தமனாகத் தோன்றினார். எஜமானுக்கும் வேலைக்காரனுக்கும் ஒரே பெயர் சூட்டிச் சிரிக்கவைத்த ‘சபாபதி’ 1941இல் படமாக வந்தது. சிவாஜி கணேசனின் ‘மனோகரா’ 1954இல் வெளிவந்தபோது முதலியாருக்கு வயது 81. 1959இல் பத்மபூஷண் பெற்றார், 1964இல் மறைந்தார்.