முறிந்ததைப் பொருத்திய அல்-குவாரிஸ்மி

காணிப் பிணக்குகள் பற்றி எழுதுவதற்காக வன்னிக்குப் போகும்போதெல்லாம் ஏறக்குறைய ஒரே கணக்கைத்தான் கேட்கிறேன். காணி ஒருவர் பெயரில் இருக்கும். கடன் இன்னொருவர் தலையில் இருக்கும். பிள்ளைகள் ஆளுக்கொரு திசையில் இருப்பார்கள். யாருக்கு எவ்வளவு சேர வேண்டும்? ஏறத்தாழ 1,200 ஆண்டுகளுக்கு முன்னர் பக்தாத்தில் இதே கேள்வியோடு உட்கார்ந்த ஒருவரைப் பற்றி வாசித்தபோதுதான், பள்ளிக்கூடத்தில் நான் பயந்து ஒதுங்கிய அட்சரகணிதம் எதற்காகப் பிறந்தது என்பது விளங்கியது.

முகம்மது இப்னு மூசா அல்-குவாரிஸ்மி 780ஆம் ஆண்டளவில் பிறந்தவர். அவரது பெயர் ஆரல் கடலுக்குத் தெற்கேயுள்ள குவாரிஸ்ம் பிரதேசத்தைச் சுட்டுகிறது. அவர் பணியாற்றிய பக்தாத், போரில் அடிபட்ட நகரம். கலீபா ஹாரூன் அல்-ரஷீதின் மகன்மாரான அமீனும் மஃமூனும் ஆட்சிக்காக மோதினார்கள். ஒரு வருடத்துக்கு மேல் நீடித்த முற்றுகை 813இல் அமீனின் கொலையோடு முடிந்தபோது நகரத்தின் பல பகுதிகள் சிதைந்து கிடந்தன. வென்ற மஃமூன் அறிஞர்களை ஆதரித்தார். அவர்களில் ஒருவர்தான் அல்-குவாரிஸ்மி.

இந்திய எண்முறையை விளக்கியும், வானியல் அட்டவணைகளைத் தயாரித்தும், 2,400க்கு மேற்பட்ட இடங்களின் அமைவிடங்களைத் தொகுத்தும் அவர் எழுதினார். ஆனால் அவரை நிலைநிறுத்தியது மஃமூன் காலத்தில் எழுதிய அல்-ஜப்ர் நூல். வாரிசுரிமை, பாகப்பிரிவினை, வழக்கு, வியாபாரம், நில அளவை, வாய்க்கால் வெட்டுதல் ஆகியவற்றுக்குப் பயன்படவே அதை எழுதினார். நூலின் பெரும் பகுதி வாரிசுரிமைக் கணக்குகளே.

ஜப்ர் என்ற அரபுச் சொல்லுக்கு முறிந்ததைப் பொருத்துதல் என்று பொருள். எங்களூர் முறிவு நெரிவு வைத்தியர் செய்யும் வேலையும் அந்தச் சொல்லில் அடங்கும். கணக்கில் அது எப்படி வருகிறது? 10ஐ இரண்டாகப் பிரித்து, பெரியதைச் சிறியதால் வகுத்தால் 4 வர வேண்டும். அவரிடம் குறியீடுகள் இல்லை, எல்லாமே சொற்கள்தான். தெரியாததைப் பொருள் என்றே அழைத்தார். சிறிய பங்கு ஒரு பொருள் என்றால், 10இல் ஒரு பொருள் குறைந்தது நான்கு பொருளுக்குச் சமன். குறைந்துபோன அந்தப் பொருளை இரு பக்கமும் சேர்த்தால் இடப்பக்கத்தில் 10 முழுமையடைகிறது. வலப்பக்கத்தில் ஐந்து பொருள். ஆகவே ஒரு பொருள் 2.

அவரது வாரிசுக் கணக்கு ஒன்று: ஒருவர் இறக்கிறார். இரண்டு மகன்மார். மூன்றில் ஒரு பங்கை வெளியார் ஒருவருக்கு எழுதி வைத்திருக்கிறார். கையிருப்பு 10 திர்ஹம். ஒரு மகன் தகப்பனுக்குக் கொடுக்க வேண்டிய கடன் இன்னொரு 10. அந்த மகனின் பங்கு எவ்வளவோ, அந்தளவு கடனே சொத்தில் சேரும். ஆனால் பங்கைக் கண்டுபிடிக்கச் சொத்து தெரிய வேண்டும். சொத்தைச் சொல்லப் பங்கு தெரிய வேண்டும். தெரியாதது இரண்டு பக்கமும் நிற்கிறது.

அவர் தயங்கவில்லை. கடனிலிருந்து சேரும் தொகை ஒரு பொருள்; மொத்தச் சொத்து 10உம் ஒரு பொருளும். வெளியாருக்கும் மகன்மாருக்கும் ஆளுக்கு மூன்றில் ஒன்று, அதாவது 3⅓உம் பொருளில் மூன்றிலொன்றும். மகனின் பங்கு ஒரு பொருள் என்பதால் இரண்டும் சமன். இரு பக்கத்திலும் பொருளில் மூன்றிலொன்றை நீக்கினால், மூன்றிலிரண்டு பொருள் 3⅓க்குச் சமன். ஒரு பொருள் 5. மூவருக்கும் 5 திர்ஹம். ஒரு பக்கத்துக்குச் செய்வதையே மறுபக்கத்துக்கும் செய்ய வேண்டும் என்பதுதான் அவரது முறையின் நீதி.

அவர் 850ஆம் ஆண்டளவில் மறைந்தார். 1145இல் அவரது நூல் லத்தீனுக்குப் போனது. 1258இல் மொங்கோலியப் படை பக்தாத்தை அழித்தபோது நூலகங்களும் அழிந்தன. நூலகம் அழிந்தால் என்ன போகும் என்பதை எங்களுக்கு யாரும் சொல்லித்தரத் தேவையில்லை. ஆயினும் அல்-ஜப்ர் நூல் தப்பியது. அவரது பெயரே திரிந்து அல்கோரிதம் ஆகி, இன்று எங்கள் கைத்தொலைபேசிக்குள்ளும் இருக்கிறது.

அவரது வாரிசுக் கணக்குகள் ஒருவர் இறந்துவிட்டார் என்பதிலிருந்தே தொடங்குகின்றன. நான் போய்வரும் பல வீடுகளில் அந்த முதல் வரியையே எழுத முடியவில்லை. காணி உறுதி காணாமல் ஆக்கப்பட்டவரின் பெயரில் இருக்கிறது. இறந்துவிட்டார் என்று கையெழுத்து வைக்க மனைவிக்கு மனமில்லை. வைக்கும்படி கேட்கவும் யாருக்கும் உரிமையில்லை.

தெரியாததற்கு ஒரு பெயர் வைத்து, இரு பக்கத்தையும் நேர்மையாக எழுதினால் விடை வரும் என்று காட்டியவர் அல்-குவாரிஸ்மி. தாய்மார் தங்கள் பக்கத்தை எழுதி வைத்துவிட்டு வருடக்கணக்காக வீதியோரத்தில் காத்திருக்கிறார்கள். விடை தெரிந்தவர்கள்தான் தங்கள் பக்கத்தை இன்னும் எழுதவில்லை.